பெயர் சொல்ல விரும்பாத ஒருவர்

ஒடுகத்தூருக்கு அப்போது மூன்று பத்திரிகைகள் வந்தன. இரண்டு, வேலூரிலிருந்து காலை முதல் பஸ்ஸில் கட்டாக வந்து இறங்கும். மூன்றாவதை என் வீட்டுப் பின்கட்டில் சைக்ளோஸ்டைல் மெஷினில் உருட்டி, முழங்கை வரை கறுப்பு மையோடு நான் கொண்டுவருவேன். முதல் இரண்டையும் ஊர் படித்தது. மூன்றாவதை ஊர் வாங்கி வைத்துக்கொண்டது. வேர்க்கடலை மடிக்கத் தோதான அளவு என்று மளிகைக்கடைக்காரர் என் முகத்துக்கு நேரே பாராட்டியிருக்கிறார்.

எங்கள் பத்திரிகைக்கு ஒரு பெயர் இருந்தது. பெரிய பெயர். புரட்சி, விடியல், முரசு என்று அந்த நாளில் நடமாடிய எல்லாச் சொற்களிலும் கொஞ்சம் கொஞ்சம் எடுத்து வைத்த பெயர். இப்போது சொல்லக் கூச்சமாக இருக்கிறது. மாதம் இருமுறை வெளிவரும் என்று முதல் பக்கத்தில் போட்டிருந்தோம். ஒருமுறை வந்துவிட்டால் அது நல்ல மாதம். எமர்ஜென்சி முடிந்து சில வருஷங்கள் ஆகியிருந்தன. வாயைத் திறக்கலாம் என்று ஆனதும், சொல்ல விஷயம் இருக்கிறதோ இல்லையோ, நாட்டில் பாதிப் பேர் ஆசிரியர் ஆகிவிட்டார்கள். நானும் ஆனேன்.

என்னிடம் அதற்குத் தகுதி இருந்தது. அதாவது, என்னிடம் டைப்ரைட்டர் இருந்தது. அப்பா விட்டுப்போன டைப்ரைட்டிங் இன்ஸ்டிட்யூட்டை நான்தான் நடத்திவந்தேன். இங்கிலீஷ் மெஷின் இரண்டு, தமிழ் மெஷின் ஒன்று. தமிழ் மெஷினில் 'ற' மட்டும் வரியை விட்டுக் கொஞ்சம் மேலே தூக்கி நிற்கும். மெக்கானிக் மூன்று தரம் பார்த்துவிட்டு, அது அதன் சுபாவம் என்று சொல்லிவிட்டுப் போனார். பகலில் அந்த மெஷினில் வாடகைப் பத்திரமும், தாசில்தாருக்கு மனுவும், வனத்துறை ரேஞ்ச் ஆபீஸ் ரிப்போர்ட்டும் அடிப்பேன். ரேஞ்ச் ஆபீஸில் டைப்பிஸ்ட் வேலை வருஷக்கணக்காகக் காலி. அதனால் காட்டைப் பற்றி அரசாங்கத்துக்குப் போகிற எல்லாச் சேதியும் என் விரல் வழியாகத்தான் போயிற்று. சாயந்திரம் ரிப்பனைக் கழற்றிவிட்டு, மெழுகு ஸ்டென்சிலைச் செருகி, அதே அரசாங்கத்தைக் கிழிகிழியென்று கிழிப்பேன். இதில் எனக்கு எந்த முரண்பாடும் தெரியவில்லை. அது பிழைப்பு, இது கொள்கை என்று தெளிவாக இருந்தேன்.

பத்திரிகையில் எனக்குக் கூட்டாளி ஒரு தையல்காரர். பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் கடை. எமர்ஜென்சியில் உள்ளே போய்விட்டு வந்தவர் என்று ஊரில் அவருக்கு ஒரு மரியாதை உண்டு. அந்த மரியாதையை அவர் தினமும் இஸ்திரி போட்டு வைத்திருந்தார். தலையங்கம் அவருடையது. வல்லரசுகளுக்குக் கடைசி எச்சரிக்கை விடாமல் அவர் ஒரு இதழையும் முடித்ததில்லை. நம்முடைய எச்சரிக்கையை வாஷிங்டனில் யார் படிக்கப் போகிறார்கள், ஒடுகத்தூர் சேதியைப் போடலாமே என்று நான் கத்துவேன். அவர் பொத்தான் தைத்துக்கொண்டே, "டீச்சர், உங்களுக்கு உலகப் பார்வை பத்தலீங்க" என்பார். எனக்குக் கோபம் வந்தால் லேசில் இறங்காது. இரண்டு நாள் அவரோடு பேசமாட்டேன். மூன்றாம் நாள் ஸ்டென்சில் தாள் வாங்க அவர்தான் வேலூருக்குப் போகவேண்டும் என்பது ஞாபகம் வரும், பேசிவிடுவேன்.

எனக்கு இருந்த பார்வை மாடியிலிருந்து தெரிகிற அளவுதான். மாடியிலிருந்து பார்த்தால் மலை தெரியும். சவ்வாது மலை. சந்தை நாளில் மலைக்காரர்கள் புளியும் சாமையும் கடுக்காயும் தலையில் வைத்துக்கொண்டு மூன்று மணி நேரம் நடந்து இறங்கி வருவார்கள். ஊர் அவர்களிடமிருந்து புளியை வாங்கியது, சாமையை வாங்கியது. மேலே என்ன நடக்கிறது என்று ஒரு வார்த்தை கேட்டு வாங்கியதில்லை. அதை நான் கேட்பது என்று முடிவுசெய்தேன். நல்ல காரியம் செய்யப் போகிறோம் என்ற நினைப்பு வந்துவிட்டால் மனுஷருக்குக் கண் கொஞ்சம் மங்கிவிடும் என்று அப்போது எனக்கு யாரும் சொல்லவில்லை. சொல்லியிருந்தாலும் கேட்டிருக்க மாட்டேன்.

இன்ஸ்டிட்யூட் படியோரம் சந்தை நாளில் புளி போட்டு விற்கிற ஒரு புருஷன் பெண்சாதி உண்டு. குடிக்கத் தண்ணீர் கேட்டு உள்ளே வருவார்கள். அவருக்கு நாற்பது வயதிருக்கும். அதிகம் பேசாதவர். அவருக்கும் சேர்த்து அந்த அம்மாள் பேசுவாள். மலையில் யாருக்கும் 'நீங்க' கிடையாது. கலெக்டர் போனாலும் 'நீ'தான், கடவுளும் 'நீ'தான். அதனால் நானும் 'நீ'தான். ஒரு சந்தை நாளில் அவர் டைப்ரைட்டரையே வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, இதில் எழுதினால் எங்கே போகும் என்று கேட்டார். எங்கே வேண்டுமானாலும் போகும் என்றேன். அதற்குப் பிறகுதான் மரத்து விஷயத்தைச் சொன்னார்.

விஷயம் இதுதான். காட்டில் ஒரு பகுதியைப் பிரித்து, அதில் முத்திரை குத்திய மரங்களை மட்டும் வெட்டிக்கொள்ள ஏலம் விடுவார்கள். கூப்பு என்று பெயர். சுத்தியலால் அடித்தால் எண்ணும் முத்திரையும் மரத்தில் பதியும். முத்திரை இல்லாத மரத்தில் கை வைக்கக் கூடாது. அந்த வருஷம் கூப்பு எடுத்த காண்ட்ராக்டரின் ஆட்கள் எல்லையைத் தாண்டி வந்து, அவர்கள் ஊருக்குத் தண்ணீர் கொடுக்கும் ஊற்றின் தலைமாட்டில் இருந்த மரங்களையெல்லாம் வெட்டிக்கொண்டிருந்தார்கள். முதலில் வெட்டுவது, அப்புறம் அடிக்கட்டையில் முத்திரை குத்துவது. முத்திரைச் சுத்தியல் அரசாங்கத்தின் கையில் அல்லவா இருக்க வேண்டும் என்று கேட்டேன். அவர் சிரித்தார்.

தையல்காரரும் நானும் மலையேறினோம். கல்யாணம் ஆகாத டைப்ரைட்டிங் டீச்சர் தையல்காரரோடு மலைக்குப் போய்வந்தாள் என்று ஊர் பேசியதற்குத் தனியாக நாலு இடத்தில் சண்டை போட்டேன், அது வேறு கதை. மேலே போய்ச் சேர்ந்தபோது எனக்கு மூச்சு மேலும் கீழும் வாங்கியது. தையல்காரர் உலகப் பார்வையை அடிவாரத்திலேயே விட்டுவிட்டு, கரும்புச் சாறு கிடைக்குமா என்று கேட்டுக்கொண்டு வந்தார். ஊற்றுக்கு மேலே தனியாக ஒரு புல் கூரை வீடு. முன்னால் ஒரே அடியிலிருந்து கிளம்பினதுபோல இரண்டு பலா மரம். அதுதான் அவர்கள் வீடு. அந்த அம்மாள் சாமைச் சோறும் மொச்சைக் குழம்பும் போட்டாள். அப்புறம் அவர் எங்களை மேலே கூட்டிப்போய்க் காலால் சருகைத் தள்ளிக் காட்டினார். சருகுக்குக் கீழே மண், மண்ணுக்குக் கீழே அடிக்கட்டை. அடுத்தது, அதற்கடுத்தது. சிலவற்றில் முத்திரை இருந்தது, வெட்டுவாயில் கசிந்த பால் காய்ந்து, அதன்மேல் குத்திய முத்திரை. எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. வெட்டினது ஒரு அக்கிரமம், மண்ணைப் போட்டு மூடினது இன்னொரு அக்கிரமம், அதற்கு அரசாங்க முத்திரை வேறு.

எழுதினால் என்ன ஆகும் என்று கேட்டார். ஊர் உலகத்துக்கே தெரிந்துவிடும், ஒருவரும் இனி தொடமுடியாது என்றேன். என்ன தைரியத்தில் சொன்னேனோ. அவர் ஒன்றே ஒன்று கேட்டார்.

"எம்பேரு மட்டும் அதுல வாணாம்."

வராது என்று சத்தியம் செய்தேன். தலை போனாலும் வராது என்றேன். என் தலையைச் சொல்வதாகத்தான் நினைத்துக்கொண்டு சொன்னேன்.

கீழே வந்து ஒரே மூச்சில் எழுதினேன். பெரிய பத்திரிகைகளில் 'பெயர் சொல்ல விரும்பாத ஒருவர்' என்று வரும், பார்த்திருப்பீர்கள். எனக்கு அந்தச் சொல்மேல் வெகுநாளாக ஒரு கண். அதைப் பயன்படுத்த வாய்ப்பு வந்ததில் எனக்கு இருந்த சந்தோஷத்தை இப்போது நினைத்தால் அறைந்துகொள்ளலாம் போல இருக்கிறது. வெறுமனே ஒருவர் என்றால் மொட்டையாக இருந்தது. படிக்கிறவர் கண்முன்னே ஆள் நிற்கவேண்டாமா? 'ஊற்றுக்கு மேலே, இரட்டைப் பலா மரத்து நிழலில் தனியாகக் குடியிருக்கும், பெயர் சொல்ல விரும்பாத ஒரு மலை விவசாயி நம்மிடம் கூறினார்' என்று அடித்தேன். தையல்காரர் அந்த வரியை இரண்டு தரம் வாய்விட்டுப் படித்தார். பலாப்பழ வாசனையே வருகிறது என்றார். அவர் என்னைப் பாராட்டியது அந்த ஒரு தடவைதான்.

வெளியிடுபவர் பெயர், விலாசம் பத்திரிகையில் கட்டாயம் இருக்கவேண்டும் என்று சட்டம் இருந்தது. ஊருக்கு எங்களைத் தெரியும், ஆனாலும் காகிதத்தில் நாங்கள் போடுவதில்லை. பயம் என்று நினைத்துவிடாதீர்கள், நாங்கள் அதை உத்தி என்று சொல்லிக்கொண்டோம். எங்களைப் பிடித்துக்கொண்டு போய்விட்டால் மக்களுக்கு யார் எழுதுவது? ஆக அந்த இதழில் எழுதினவர் யார் என்று இல்லை, அச்சடித்தது எங்கே என்று இல்லை. ஒரே ஒரு வீட்டுக்குத்தான் அடையாளம் இருந்தது. அது எங்களுக்கு உறைக்கவில்லை. சேதி போய்ச் சேரவேண்டிய இடத்துக்குப் போகவேண்டுமே என்று கலெக்டருக்கு ஒன்று, ரேஞ்ச் ஆபீஸுக்கு ஒன்று, நாங்களே தபால்தலை ஒட்டி அனுப்பிவைத்தோம்.

சந்தை இல்லாத ஒரு நாளில் அந்த அம்மாள் மட்டும் வந்து நின்றாள். தலையில் சுமை இல்லை. மாணவிகள் நாலு பேர் தட்டிக்கொண்டிருந்தார்கள். மெஷின் சத்தத்தில் அவள் சொன்னது முதலில் காதில் விழவில்லை. எல்லாரையும் நிறுத்தச் சொன்னேன்.

"இட்டுக்கினு போய்ட்டாங்க" என்றாள்.

முந்தின நாள் மத்தியானம் ஃபாரஸ்ட் கார்டுகள் மூன்று பேர், கூட காண்ட்ராக்டரின் ஆள் ஒருவன். வழியில் யாரையும் ஒன்றும் கேட்கவில்லையாம். ஒருவர் கையில் காகிதம் இருந்ததாம், அதைப் பார்த்துப் பார்த்து நேராக வீட்டுக்கே வந்துவிட்டார்களாம். கூரைப் புல்லுக்குள் கையை விட்டார்கள், சந்தனக் கட்டை இரண்டு வந்தது. அந்தக் கை கூரைக்குள் போகும்போதே கட்டையோடுதான் போயிற்று என்று அவள் சொன்னாள். நாளை மறுநாள் வேலூர் கோர்ட்டுக்குக் கொண்டுபோவார்கள். சந்தனக் கேஸ் என்றால் சுலபத்தில் வெளியே வரமுடியாது. சாமை அறுப்புக்கு நிற்கிறது. வீட்டில் வேறு ஆண்பிள்ளை இல்லை. இதையெல்லாம் அவள் அழாமல், ஒவ்வொன்றாகச் சொன்னாள்.

நான் பேரே போடவில்லையே என்று கத்தினேன். நான் செய்த முதல் காரியம் அதுதான். இதழை எடுத்து, இதோ பார், எங்கேயாவது உன் புருஷன் பேர் இருக்கிறதா என்று அவள் முகத்துக்கு நேரே நீட்டினேன். படிக்கத் தெரியாதவளிடம். அவள் காகிதத்தைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தாள்.

"பேரு யாருக்கும்மா தெரியும்?" என்றாள்.

அப்புறம்தான் விளக்கினாள். ஓட்டர் லிஸ்டில் எழுத வந்தவர் ஒரு பேர் எழுதிக்கொண்டு போனார், ரேஷன் கார்டில் இன்னொரு பேர் இருக்கிறது, அவர் அம்மா வைத்தது மூன்றாவது. மூன்றும் மலையில் ஒருவருக்கும் தெரியாது. ஓட்டுப் போடப் போன இடத்தில் பேரைக் கூப்பிட்டபோது அவரே திரும்பிப் பார்க்கவில்லையாம். மேலே ஆளுக்கு அடையாளம் வீடு, வீட்டுக்கு அடையாளம் மரம். ரெட்டைப் பலா வூட்டுக்காரன் என்றால் நாலு மலைக்கும் தெரியும். சத்தியத்தைக் காற்றில் விட்டுவிட்டு அவர் பேரை நான் கொட்டை எழுத்தில் போட்டிருந்தால், கார்டுகள் இந்நேரம் மலை முழுக்கச் சுற்றிவிட்டு, அப்படி ஒரு ஆள் இல்லை என்று எழுதி என்னிடமே டைப் அடிக்கக் கொடுத்திருப்பார்கள். சத்தியத்தைக் காப்பாற்றி அவரைக் காட்டிக் கொடுத்திருந்தேன்.  

இன்ஸ்டிட்யூட்டைப் பூட்டிவிட்டு அவளோடு ரேஞ்ச் ஆபீஸுக்குப் போனேன். அங்கே பொறுப்பில் இருந்த ஃபாரஸ்ட்டர் எழுந்து நின்று வணக்கம் சொன்னார். டீ வரவழைத்தார். நான் கொதித்துக்கொண்டு போயிருந்தேன். அவருக்கு வியர்க்கக்கூட இல்லை. மேஜை டிராயரைத் திறந்து எங்கள் இதழை எடுத்து வைத்தார். பக்கத்தில், போன மாதம் நான் அடித்துக் கொடுத்த அவர்கள் ரிப்போர்ட்டையும் வைத்தார்.

"டீச்சரம்மா, இந்த 'ற' உங்க மெஷினுதுதானுங்க? எங்க ரிப்போர்ட்லயும் இப்படித்தான் தூக்கிக்கினு நிக்குது."

முதல் இதழிலிருந்தே அவருக்குத் தெரியுமாம். ஒன்று விடாமல் படிக்கிறாராம். எழுத்துப் பிழையே இல்லை என்று பாராட்டினார். அப்படியானால் எழுதின என்னைப் பிடிக்காமல் ஒன்றும் தெரியாத மனுஷரைப் பிடிப்பது எந்த ஊர் நியாயம் என்று கேட்டேன். அவர் நிஜமாகவே ஆச்சரியப்பட்டார். நீங்கள் படித்தவர்கள், நாலு பேர் அறிந்த குடும்பம், உங்கள் அண்ணன் மெட்ராஸில் இருக்கிறார், உங்கள்மேல் கை வைத்தால் பேப்பரில் வரும், மேலிடத்திலிருந்து கேள்வி வரும், எதற்கு அந்த வம்பு என்று பொறுமையாக எடுத்துச் சொன்னார். சின்னப் பிள்ளைக்குக் கணக்குச் சொல்லிக் கொடுக்கிற மாதிரி. அதோடு, ரிப்போர்ட்டை யார் அடிப்பது?

ஆபீஸ் பின்பக்கம் சிமெண்டுத் தரையில் அவர் உட்கார்ந்திருந்தார். ஒரு பக்கத்துக் கன்னம் வீங்கியிருந்தது. என்னைப் பார்த்துத் தலையசைத்தார். பெண்சாதியிடம் சாமையைப் பற்றித்தான் கேட்டார், மழை வருவதற்குள் யாரையாவது கூப்பிட்டு அறுத்துவிடு என்றார்.  

ஃபாரஸ்ட்டரின் நிபந்தனை எளிது. கேஸ் இன்னும் எழுதவில்லை. சேதி தப்பு என்று பத்திரிகையில் வந்துவிட்டால் கேஸ் எழுதாமலே போய்விடலாம். கோர்ட்டுக்குப் போவதற்குள் வரவேண்டும்.

தையல்காரர் கடையில் அன்று சாயந்திரம் பெரிய சண்டை. உண்மையை விற்க முடியாது என்றார் அவர். ஒரு தனிமனிதனுக்காக இயக்கம் பின்வாங்கினால் வரலாறு மன்னிக்காது என்றார். எந்த இயக்கம் என்று கேட்டேன். நீங்களும் நானும் ஓட்டைச் சைக்ளோஸ்டைல் மெஷினும்தானே? வரலாறா ரேஞ்ச் ஆபீஸ் பின்பக்கம் கன்னம் வீங்கி உட்கார்ந்திருக்கிறது? நான் போட்ட சத்தத்தில் பஸ் ஸ்டாண்டில் நின்றவர்கள் எட்டிப் பார்த்தார்கள். கடைசியில் அவர் கத்தரிக்கோலைக் கீழே வைத்துவிட்டு, "அடிங்க டீச்சர்" என்றார். அவர் கண் கலங்கியிருந்தது.

அடித்தேன். 'சென்ற இதழில், கூப்பு எல்லைக்கு வெளியே மரங்கள் வெட்டப்பட்டதாக வந்த சேதி தவறான தகவலின்பேரில் எழுதப்பட்டது. நேரில் விசாரித்ததில் அப்படி எதுவும் நடக்கவில்லை என்று தெரிகிறது. வருந்துகிறோம்.' மனசு ஆறவில்லை. வாய் சும்மா இருந்தாலும் விரல் சும்மா இருக்குமா? இன்னொரு வரி சேர்த்தேன்: 'ஊற்றின் தலைமாட்டில் இப்போது மரங்களே இல்லையாதலால், இனி அங்கே யாரும் வெட்டுவதற்கும் வழியில்லை.' ஃபாரஸ்ட்டர் கண்டுபிடித்துக் கிழித்துவிடுவார் என்ற பயத்தோடு கொண்டுபோய்க் கொடுத்தேன். அவர் படித்தார். கடைசி வரிக்கு வந்ததும் நிமிர்ந்து, இது ரொம்ப நன்றாக இருக்கிறது, சந்தேகத்துக்கே இடமில்லாமல் செய்துவிட்டீர்கள் என்றார்.

அன்றே அவரை விட்டார்கள்.

இதோடு முடிந்திருந்தால் பரவாயில்லை. அடுத்த வாரம் மெட்ராஸ் தினசரி ஒன்றில், வேலூர்ப் பக்கத்துச் செய்திகளுக்கு நடுவே பெட்டி கட்டி ஒரு சேதி வந்தது. மலையில் மரம் வெட்டப்பட்டதாகக் கிளம்பிய வதந்தியை உள்ளூர் மக்கள் பத்திரிகையே மறுத்திருக்கிறது என்று. எங்கள் பத்திரிகையின் பெயரை முழுசாகப் போட்டிருந்தார்கள். மூன்று வருஷமாக உண்மையை எழுதி, எல்லாப் பத்திரிகைக்கும் அனுப்பி, ஒரு வரி எடுத்துப் போட்டவர் இல்லை. ஒரே ஒரு பொய் எழுதினோம், மெட்ராஸ் வரைக்கும் போயிற்று. தையல்காரர் அதைக் கத்தரித்து வைத்திருந்தார். எதற்கு என்று கேட்டதற்கு, நம்ம பேர் வந்திருக்குதே என்றார். அவரைத் திட்டினேன். வீட்டுக்கு வந்து, என் கையில் இருந்த பிரதியைக் கத்தரித்தேன்.

அதற்குப் பிறகு வந்த சந்தைக்குப் புருஷனும் பெண்சாதியும் இறங்கி வந்தார்கள். கன்னத்து வீக்கம் வடிந்திருந்தது. சாமையில் பாதி மழையில் போய்விட்டது என்றாள் அந்த அம்மாள். நான் மன்னிப்புக் கேட்டேன். எத்தனையோ அழகாகச் சொல்ல வேண்டுமென்று நினைத்து வைத்திருந்தேன், வந்தது அழுகைதான்.  என்ன எழுதியிருந்தாய் என்று படித்துக் காட்டு என்றார் அவர். அப்போதுதான் நினைத்துப் பார்த்தேன். அவரால் வந்த சேதி, அவரைப் பிடித்துக் கொடுத்த சேதி, அதை அவருக்கு ஒருவரும் படித்துக் காட்டியிருக்கவில்லை.

முதல் சேதியைப் படித்தேன். அடிக்கட்டை, முத்திரை, மண் எல்லாவற்றுக்கும் தலையாட்டிக்கொண்டே வந்தார். இரட்டைப் பலா வரியையும் படித்தேன்.  இரண்டாவதையும் படி என்றார். அது சின்னது. சீக்கிரம் முடிந்துவிட்டது. இதில் எங்கள் வீடு இல்லையா என்று கேட்டார். இல்லை, இந்தத் தடவை ஜாக்கிரதையாக ஒன்றுமே போடவில்லை என்றேன். கொஞ்சம் பெருமையாகக்கூடச் சொன்னேன் என்று நினைக்கிறேன்.

அவர் கோபப்படவில்லை. சந்தேகம் கேட்கிற மாதிரிதான் கேட்டார்.

"நெசத்த சொல்லசொல்ல எங்க வூட்ட போட்ட. பொய்ய சொல்லசொல்ல உன் வூட்ட போட்டிருக்கலாம் இல்ல?"

ராத்திரி சாப்பிடவில்லை. மறுநாளே அடுத்த இதழுக்கு உட்கார்ந்தேன். நான் எழுதிய மறுப்புப் பொய், முதலில் எழுதியதுதான் உண்மை, இரண்டையும் எழுதினவள் நான்தான் என்று அடித்தேன். தையல்காரரின் வல்லரசுகளைத் தூக்கிவிட்டு முதல் பக்கத்திலேயே போட்டேன். கீழே என் வீட்டைப் போட்டேன். பேரோடு நிறுத்தவில்லை. எண்ணெய்ச் செக்குச் சந்தில் இடது கைப்பக்கம் நாலாவது வீடு, பச்சைக் கதவு, வாசலில் முருங்கை மரம், உள்ளே டைப்ரைட்டர் சத்தம் கேட்கும் என்று போட்டேன். கண்ணைக் கட்டிவிட்டாலும் வந்து சேர்ந்துவிடலாம். கலெக்டருக்கு, ரேஞ்ச் ஆபீஸுக்கு, அந்த மெட்ராஸ் தினசரிக்கு, எல்லாருக்கும் அனுப்பினேன். மாற்றுப் புடவை, சோப்பு, பல்பொடி ஒரு பையில் எடுத்து வைத்தேன். மாணவிகளுக்குப் பரீட்சை வரையிலான பாடத்தை எழுதி ஒட்டினேன். அண்ணனுக்குக் கடிதம் போட்டேன். பிடித்துக்கொண்டு போகும்போது என்ன பேசவேண்டும் என்பதுகூடத் தயாராக இருந்தது. சின்னதாக, நன்றாக இருந்தது அந்தப் பேச்சு.

காத்திருந்தேன். வாசலில் பூட்ஸ் சத்தம் கேட்டால் முதுகு விறைக்கும். தபால்காரர். ஒரு வாரம் போயிற்று. மெட்ராஸ் தினசரி மூச்சு விடவில்லை. பத்தாம் நாள் பச்சைக் கதவு, முருங்கை மரம் என்று அடையாளம் சொல்லிக்கொண்டே ஒருவர் வந்தார். நான் பையை எடுக்கப் போனேன். கையில் எங்கள் இதழை வைத்திருந்தார். தன் பெண்ணை டைப்ரைட்டிங்கில் சேர்க்கவேண்டுமாம், விலாசம் தெளிவாகப் போட்டிருந்ததால் அலையாமல் வந்துவிட்டேன் என்றார். அந்த மாதம் இன்னும் இரண்டு பேர் அப்படியே வந்து சேர்ந்தார்கள்.

இரண்டு சந்தை கழித்து அந்த அம்மாள் வந்தாள், தனியாக. அவர் வரவில்லையா என்று கேட்டேன். கீழே இறங்குவதை நிறுத்திவிட்டார் என்றாள். மற்றபடி அவர்களை ஒருவரும் தொந்தரவு செய்யவில்லையாம். புளியைப் படியோரம் கொட்டிக் கொட்டை எடுத்துக்கொண்டிருந்தாள். நான் பக்கத்தில் போய் உட்கார்ந்து, என் வீட்டைப் போட்டுவிட்டேன் என்று சொன்னேன். கதவு, மரம், சந்து, எல்லாம் போட்டேன் என்றேன். பள்ளிக்கூடத்துப் பிள்ளை சிலேட்டைக் காட்டுகிற மாதிரி இருந்திருக்கும்.

"வந்தாங்களா?" என்று கேட்டாள்.

இல்லை என்றேன்.

அவள் புளியிலிருந்து கையை எடுக்கவில்லை.

"உன் வூட்டுக்கு வரமாட்டாங்கன்னு தெரிஞ்சிதான போட்ட?"

இல்லை என்று சொல்ல வாய் வந்தது. பையைக் காட்டலாம், புடவையும் பல்பொடியும் இன்னும் உள்ளேதான் இருந்தன. ஆனால் ஃபாரஸ்ட்டரின் மேஜைக்கு எதிரே உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டே, என்னை ஏன் தொடமாட்டார்கள் என்று ஒவ்வொன்றாகக் கேட்டுத் தெரிந்துகொண்டு வந்தவள் நான். அந்தப் பேச்சு நடந்தபோது அவளும் கதவோரம் நின்றுகொண்டிருந்தாள். தலையைக் குனிந்துகொண்டு அவள் பக்கத்தில் உட்கார்ந்து நானும் கொட்டை எடுக்க ஆரம்பித்தேன். அவள் ஒரு கைப்பிடிப் புளியை என் பக்கம் தள்ளிவிட்டாள்.